பிற விண்மீன்களின் கோள்களைத் தேடுபவர்கள்: தென்னாப்பிரிக்கத் தமிழர்களுக்கான கேள்வி பதில்கள்

சாட்ஸ்வர்த்திலோ லெனேசியாவிலோ வீட்டில் தொலைநோக்கி வைத்திருப்பவர்கள், மெட்ரிக் முடித்து வானியல் படிக்க நினைக்கும் பிள்ளைகள், அவர்களுடைய பெற்றோர் ஆகியோருக்காக இந்தப் பக்கம். சூரியனைத் தவிர்த்த மற்ற விண்மீன்களைச் சுற்றும் கோள்களைப் புறக்கோள்கள் என்கிறோம். அவற்றைத் தேடும் வேலை எப்படி நடக்கிறது, அதில் நாம் எங்கே சேரலாம் என்பவற்றுக்கான பதில்கள் கீழே.

விஞ்ஞானிகள் இந்தக் கோள்களைக் கண்ணால் பார்க்கிறார்களா?

பெரும்பாலும் இல்லை. விண்மீனின் பேரொளியில் பக்கத்திலிருக்கும் கோள் மறைந்துபோகிறது. அதனால் கோளை விட்டுவிட்டு, அது விண்மீனின் ஒளியில் ஏற்படுத்தும் மாற்றத்தை அளக்கிறார்கள். பீட்டா பிக்டோரிஸ் போன்ற சில இளம் விண்மீன்களின் கோள்களை மட்டும் நேரடியாகப் படம் எடுத்திருக்கிறார்கள். அவை பெரியவை, இன்னும் சூடு ஆறாதவை, விண்மீனிலிருந்து வெகுவாகத் தள்ளி இருப்பவை.

பிறகு எப்படித்தான் கண்டுபிடிக்கிறார்கள்?

முக்கியமான வழிகள் மூன்று.

முதலாவது கடப்பு முறை. கோள் தன் விண்மீனுக்கும் நமக்கும் நடுவே கடக்கும்போது விண்மீனின் ஒளி சற்றுக் குறையும். சூரியன் அளவுள்ள விண்மீனை வியாழன் அளவுள்ள கோள் கடந்தால் 1 சதவீதம் குறையும். பூமி அளவுள்ளது கடந்தால் 0.0084 சதவீதம்தான். தரையிலிருந்து அதை அளப்பது மிகக் கடினம் என்பதால்தான் 2009-இல் கெப்ளர், 2018-இல் டெஸ் ஆகிய தொலைநோக்கிகள் விண்வெளிக்குப் போயின. கோளின் சுற்றுப்பாதை நம் பார்வைக்கோட்டில் அமைந்தால் மட்டுமே இந்த முறை பலிக்கும். சூரியனைப் போன்ற விண்மீனைப் பூமியின் தூரத்தில் சுற்றும் கோளுக்கு அந்த வாய்ப்பு இருநூறில் ஒன்று.

இரண்டாவது ஆரத்திசைவேக முறை. கோளின் ஈர்ப்பால் விண்மீனும் சிறிதே ஆடுகிறது. அது நம்மை நோக்கி வரும்போது நிறமாலைக் கோடுகள் நீலப் பக்கம் நகரும், விலகும்போது சிவப்புப் பக்கம் நகரும். வியாழனால் சூரியன் ஆடும் வேகம் நொடிக்கு சுமார் 12.5 மீட்டர். பூமியால் ஆடுவது நொடிக்கு 9 சென்டிமீட்டர். 1995-இல் மிஷெல் மேயரும் டிடியே கெலோவும் 51 பெகாசி விண்மீனின் கோளைக் கண்டது இந்த முறையில்தான். அதற்கு 2019-இல் நோபல் பரிசு கிடைத்தது.

மூன்றாவது ஈர்ப்பு நுண்வில்லை முறை. தொலைவிலுள்ள ஒரு விண்மீனுக்கு முன்னால் இன்னொரு விண்மீன் வந்தால், அதன் ஈர்ப்பு பின்னாலிருப்பதன் ஒளியை வளைத்துப் பெருக்கிக் காட்டும். முன்னால் இருப்பதற்குக் கோள் இருந்தால், அந்தப் பெருக்கத்தில் சில மணி நேரத்துக்கோ ஒரு நாளுக்கோ ஒரு சிறு புடைப்பு தெரியும். அது ஒரே முறைதான் நிகழும். விட்டால் விட்டதுதான்.

இதில் தென்னாப்பிரிக்காவுக்கு என்ன பங்கு?

பெரிய பங்கு. அது போதிய அளவு பேசப்படுவதில்லை.

1832-33-இல் தாமஸ் ஹென்டர்சன் கேப் டவுன் அரச வானாய்வகத்திலிருந்து ஆல்ஃபா செண்டாரியை அளந்து, அது எவ்வளவு தூரத்தில் இருக்கிறது என்று கணக்கிட்டார். 1915-இல் ஜோகன்னஸ்பர்க் யூனியன் வானாய்வகத்தில் ராபர்ட் இன்னஸ், ஐந்தாண்டு இடைவெளியில் எடுத்த ஒளிப்படத் தகடுகளை மாற்றி மாற்றிப் பார்த்து ப்ராக்சிமா செண்டாரியைக் கண்டுபிடித்தார். நமக்கு மிக அருகில் உள்ள விண்மீன் அதுதான், 4.24 ஒளியாண்டு. 2016-இல் அதற்கு ஒரு கோள் இருப்பது தெரியவந்தது. 11.2 நாளில் ஒரு சுற்று. தெற்குச் சிலுவையைக் காட்டும் இரண்டு விண்மீன்களில் பிரகாசமானது ஆல்ஃபா செண்டாரி. டர்பனில் குளிர்கால முன்னிரவில் அது தெற்கு வானில் உயரத்தில் நிற்கும். ப்ராக்சிமா அதன் பக்கத்தில் இருந்தாலும் வெறும் கண்ணுக்குத் தெரியாது.

இன்றைய வேலையின் மையம் வடக்கு கேப் மாகாணத்தின் சதர்லாந்து. கேப் டவுனிலிருந்து சுமார் 370 கிலோமீட்டர், கரூ வறள்நிலத்தில் 1,700 மீட்டருக்கு மேல் உயரம். 2006-இல் அங்கே வாஸ்ப்-சவுத் என்ற கோள் தேடும் கருவி வேலையைத் தொடங்கியது. கடையில் விற்கும் 200 மில்லிமீட்டர் கேனன் லென்ஸ்கள் எட்டு, ஒவ்வொன்றின் பின்னாலும் ஒரு சிசிடி கேமரா, எல்லாம் ஒரே தாங்கியில். இந்த எளிய கருவிதான் வாஸ்ப்-4பி, வாஸ்ப்-18பி, வாஸ்ப்-19பி, வாஸ்ப்-43பி, வாஸ்ப்-121பி எனப் பல புகழ்பெற்ற கோள்களை முதலில் காட்டியது. அதே குன்றில் கெல்ட்-சவுத் இன்னும் சிறியது. 42 மில்லிமீட்டர் துளையுள்ள மாமியா லென்ஸால் ஒரே சமயத்தில் 26 பாகை அகலத்துக்கு வானத்தைப் பார்த்தது.

நுண்வில்லை முறைக்குச் சதர்லாந்தின் இருப்பிடமே பலம். நமது பால்வழியின் நடுப்பகுதி மே முதல் செப்டம்பர் வரை நம் தலைக்கு மேல் செல்கிறது. ஆஸ்திரேலியாவில் விடியும்போது நமக்கு இரவு, நமக்கு விடியும்போது சிலியில் இரவு. அதனால் கொரியா இயக்கும் கேஎம்டிநெட் மூன்று 1.6 மீட்டர் தொலைநோக்கிகளைச் சிலி, சதர்லாந்து, ஆஸ்திரேலியா என மூன்று இடங்களில் வைத்து இடைவிடாமல் பார்க்கிறது. அதற்கு முன்னால் பிளானெட் என்ற கூட்டணி, புளூம்ஃபொன்டைன் அருகிலுள்ள பாய்டன் வானாய்வகத்தின் 1.5 மீட்டர் தொலைநோக்கியையும் சதர்லாந்தின் 1 மீட்டர் தொலைநோக்கியையும் இதற்கே பயன்படுத்தியது. 2017-இல் ஏழு கோள்களோடு அறிவிக்கப்பட்ட டிராப்பிஸ்ட்-1 ஆய்விலும் அந்த 1 மீட்டர் தொலைநோக்கி பங்கெடுத்தது.

சதர்லாந்தின் சால்ட் பெரிய தொலைநோக்கியாயிற்றே, அது ஏன் கோள்களைக் கண்டுபிடித்துக் குவிக்கவில்லை?

சால்ட்டின் ஆடி 91 அறுகோணத் துண்டுகளால் ஆனது, சுமார் 11 மீட்டர் அகலம். ஆனால் அது ஒரே சாய்வில் நிற்கும்படி கட்டப்பட்டது. பக்கவாட்டில் திரும்பும், மேலும் கீழும் அசையாது. ஒரு விண்மீனைத் தொடர்ந்து ஓரிரு மணி நேரமே பின்தொடர முடியும். முழுக் கடப்பையும் அதற்கு முன்பின்னான நேரத்தையும் பார்க்க அது பெரும்பாலும் போதாது. நிறமாலை எடுக்கத்தான் அது ஏற்றது. வானம் முழுவதையும் சலிக்கும் வேலைக்குச் சிறு லென்ஸும், சலித்துக் கிடைத்ததை ஆராயும் வேலைக்குப் பெரிய ஆடியும் வேண்டும். இரண்டும் வேறு வேறு வேலைகள்.

ஒளி குறைந்தால் அது கோள் என்று எப்படிச் சொல்கிறார்கள்?

இந்தத் துறையில் உழைப்பின் பெரும்பகுதி இதற்கே போகிறது. கோளைப்போல் தோன்றுபவற்றில் பெரும்பாலானவை கோள் அல்ல. ஒரு வாஸ்ப் கோள் கடந்து வந்த பாதை இப்படி இருக்கும்.

முதலில் பல மாத அளவீடுகளைக் கணினி அலசி, ஒரே கால இடைவெளியில் திரும்பத் திரும்ப வரும் பெட்டி வடிவப் பள்ளங்களைத் தேடும். கிடைத்ததை மனிதர்கள் உட்கார்ந்து பார்ப்பார்கள். பள்ளத்தின் அடி தட்டையாக இருக்கிறதா, வி வடிவத்தில் கூராக இருக்கிறதா? கூராக இருந்தால் ஒன்றையொன்று ஓரமாக மறைக்கும் இரட்டை விண்மீன்கள் என்ற சந்தேகம் எழும். ஒற்றைப்படைப் பள்ளங்களும் இரட்டைப்படைப் பள்ளங்களும் ஒரே ஆழமா? இல்லையென்றால் இரண்டு வெவ்வேறு விண்மீன்கள் மாறி மாறி மறைக்கின்றன. பாதிச் சுற்றில் இன்னொரு பள்ளம் தெரிகிறதா? தெரிந்தால் மறைப்பதும் தானே ஒளிரும் பொருள்.

அடுத்த சிக்கல் கலப்பு. வாஸ்ப் கேமராவின் ஒரு பிக்சல் வானத்தில் 13.7 விகலை அகலம் (ஒரு பாகையில் 3,600 விகலை). டெஸ்ஸில் 21 விகலை. அவ்வளவு இடத்துக்குள் மூன்று நான்கு விண்மீன்கள் அடங்கிவிடும். பக்கத்திலுள்ள மங்கலான இரட்டை விண்மீன் பாதியாக ஒளி குறைந்தாலும், பிரகாசமான விண்மீனின் ஒளியோடு கலந்து 1 சதவீதமாகத் தெரியும். ஆகவே பெரிய தொலைநோக்கியால் கடப்பு நேரத்தில் பார்த்து, குறைவது எந்த விண்மீன் என்று பிரித்தறிகிறார்கள்.

அதையும் தாண்டினால் நிறமாலை. இரண்டே அளவீடுகளில் வேகம் நொடிக்குப் பல கிலோமீட்டர் மாறினால் சுற்றுவது விண்மீன், கதை முடிந்தது. மாற்றம் நொடிக்குச் சில நூறு மீட்டருக்குள் இருந்தால்தான் தொடர்ந்து அளப்பார்கள். வாஸ்ப்-சவுத் கோள்களுக்கு இதைப் பெரும்பாலும் செய்தது சிலியில் உள்ள ஆய்லர் தொலைநோக்கியின் கோரலி நிறமாலைமானி. எடையும் அளவும் கைக்கு வந்தபிறகே கட்டுரை எழுதப்படும்.

கோளின் அளவை எப்படிக் கணக்கிடுகிறார்கள்?

வீட்டிலேயே போட்டுப் பார்க்கலாம். வாஸ்ப்-4பி கடக்கும்போது ஒளி சுமார் 2.4 சதவீதம் குறைகிறது. கோள் மறைப்பது விண்மீனின் பரப்பை என்பதால், ஆரத்துக்கு வர்க்கமூலம் எடுக்க வேண்டும். 0.024-இன் வர்க்கமூலம் 0.155. அதாவது கோளின் ஆரம் விண்மீனின் ஆரத்தில் 0.155 பங்கு. விண்மீனின் ஆரம் சூரியனுடையதில் சுமார் 0.9. சூரியனின் ஆரம் வியாழனைப்போல் 9.7 மடங்கு. மூன்றையும் பெருக்கினால் ஏறத்தாழ 1.35 வியாழன் ஆரம். விண்மீனின் ஆரத்தில் 10 சதவீதம் பிழை இருந்தால் கோளின் ஆரத்திலும் அதே பிழை வரும். புறக்கோள் குழுக்களில் விண்மீன் ஆய்வாளர்கள் கட்டாயம் இருப்பது அதனால்தான்.

கை தேர்ந்தவர்களே தவறியதுண்டா?

உண்டு. அந்தத் தவறுகளைப் படிப்பது எந்தப் பாடநூலையும்விடப் பயன் தரும்.

1960-களில் பீட்டர் வான் டி காம்ப் பர்னார்டு விண்மீன் ஆடுவதாக அறிவித்தார், அதற்குக் கோள் இருப்பதாகச் சொன்னார். அவர் நம்பியிருந்தது பல்லாண்டுத் தகடுகளை. பிறகு அதே தொலைநோக்கியின் தகடுகளில் வேறொரு விண்மீனும் அதே காலங்களில் அதேபோல் ஆடுவது தெரிந்தது. லென்ஸின் சட்டத்தில் மாற்றம் செய்த ஆண்டுகளில்தான் இடம் பெயர்ந்திருந்தது. ஆடியது கருவி. அந்த விண்மீனுக்கு உண்மையிலேயே கோள் உண்டு என்று 2024-இல் வேறு முறையில் காட்டினார்கள். அது மூன்று நாளுக்குச் சற்று மேல் ஒரு சுற்று போடும் சிறிய கோள், அவர் சொன்னது அல்ல.

1991-இல் ஆண்ட்ரூ லைன் குழு ஒரு துடிவிண்மீனுக்கு (சீரான இடைவெளியில் ரேடியோத் துடிப்புகள் தரும் விண்மீன்) ஆறு மாதச் சுற்றுடைய கோள் இருப்பதாக வெளியிட்டது. ஆறு மாதம் என்பது பூமியின் ஆண்டில் சரிபாதி. கணக்கில் பூமியின் பாதையை வட்டமாகக் கொண்டதும், துடிவிண்மீனின் இடம் சற்றுப் பிசகியிருந்ததும் சேர்ந்து அந்தப் போலிக் கோளைப் பிறப்பித்திருந்தன. 1992 ஜனவரியில் அமெரிக்க வானியல் கழகக் கூட்டத்தில் லைன் மேடையேறி, கோள் இல்லை என்று தானே சொன்னார். அரங்கம் எழுந்து கைதட்டியது. அந்த ஆண்டே அலெக்சாண்டர் வோல்ஷ்சானும் டேல் ஃபிரெய்லும் வேறொரு துடிவிண்மீனின் கோள்களை அறிவித்தார்கள். அவை இன்றுவரை நிலைத்திருக்கின்றன.

2012-இல் ஆல்ஃபா செண்டாரியின் இரண்டாவது விண்மீனான பி-க்கு 3.24 நாள் சுற்றுடைய கோள் என்றார்கள். 2015-இல் மறுஆய்வு செய்தவர்கள், அளவீடு எடுத்த இரவுகளின் இடைவெளியே அந்த 3.24 நாளை உண்டாக்கக்கூடியது என்று காட்டினார்கள். இரவில் மட்டும், தெளிந்த நாளில் மட்டும் அளந்தால் இல்லாத தாளமும் கேட்கும்.

நம் வீட்டு முற்றத்திலிருந்து ஒரு கடப்பை அளக்க முடியுமா?

முடியும். புதிதாகக் கண்டுபிடிப்பது கடினம், ஏற்கெனவே தெரிந்ததை அளப்பது சாத்தியம். தேவையானவை: 15 முதல் 20 சென்டிமீட்டர் தொலைநோக்கி, விண்மீனைத் தொடரும் மோட்டார் தாங்கி, வழிகாட்டி கேமரா, குளிரூட்டிய ஒருநிற சீமாஸ் கேமரா, சிவப்பு வடிகட்டி ஒன்று, மடிக்கணினி. டிஎஸ்எல்ஆர் கேமரா மட்டும் இருந்தால் 9 அல்லது 10 ஒளிப்பருமன் விண்மீன்களோடு நிறுத்திக்கொள்ளுங்கள் (ஒளிப்பருமன் எண் கூடக்கூட விண்மீன் மங்கல்).

நகர வெளிச்சத்தைப் பற்றி அளவுக்கு மீறிக் கவலை வேண்டாம். நெபுலா படங்களைக் கெடுக்கும் அளவுக்கு அது இந்த வேலையைக் கெடுப்பதில்லை.

எந்தக் கோளில் தொடங்கலாம்?

வாஸ்ப்-4பி. ஜூலை முதல் டிசம்பர் வரை நன்றாக இருக்கும். விண்மீனின் ஒளிப்பருமன் 12.5, சுற்று 32 மணி நேரம், கடப்பு இரண்டு மணிக்குச் சற்று மேல். பள்ளம் ஆழமானது, முதல் முயற்சியிலேயே கண்ணுக்குத் தெரியும். ஆண்டின் முற்பாதியில் வாஸ்ப்-19பி, வாஸ்ப்-43பி. வாஸ்ப்-19பி-யின் ஓராண்டு 19 மணி நேரம்தான், அதனால் வாய்ப்பு அடிக்கடி வரும். வாஸ்ப்-18 பிரகாசமானதுதான், ஆனால் பள்ளம் 1 சதவீதம், பக்கத்தில் அதற்கு ஈடான ஒப்பீட்டு விண்மீன் கிடைப்பதும் அரிது. தொடக்கத்துக்கு அதை எடுக்க வேண்டாம்.

ஜோகன்னஸ்பர்க்கில் கோடை மாலைகளில் இடியும் மழையும் தொல்லை. மே முதல் செப்டம்பர் வரை வானம் வறண்டு தெளிந்திருக்கும். டர்பனுக்கும் குளிர்காலமே நல்ல காலம்.

அந்த இரவில் என்ன செய்ய வேண்டும்?

ஸ்வார்த்மோர் கல்லூரியின் டிரான்சிட் ஃபைண்டர் தளத்தில் உங்கள் ஊரின் அட்சரேகை, தீர்க்கரேகையைக் கொடுத்தால் கடப்பு நேரங்கள் வரும். அவை யூடிசி எனும் உலகப் பொது நேரமானால் இரண்டு மணி கூட்டிக்கொள்ளுங்கள். 23.30 என்று காட்டினால் இங்கே மறுநாள் அதிகாலை 1.30. தேதி மாறிப்போய் ஓர் இரவு வீணாவது அடிக்கடி நடப்பது.

அந்தி வெளிச்சத்தில் 20 முதல் 30 சமன்படங்கள், அதாவது சீராக ஒளிரும் வெற்று வானத்தின் படங்கள், எடுத்துவிடுங்கள். தூசிப் புள்ளிகளையும் ஓர இருட்டையும் நீக்குவது அவைதான். எடுத்தபின் கேமராவைத் திருப்பக் கூடாது. மடிக்கணினியின் கடிகாரத்தை இணையத்தோடு ஒத்திசையுங்கள், ஒரு நொடிக்கும் குறைவான பிழை வேண்டும்.

கடப்பு தொடங்க ஒரு மணி நேரம் முன்பே படமெடுக்கத் தொடங்கி, முடிந்து ஒரு மணி நேரம் வரை நிறுத்தாதீர்கள். வாஸ்ப்-4-க்கு 60 நொடிப் படங்களானால் ஏறத்தாழ 230 கிடைக்கும். குவியத்தைச் சற்றே தளர்த்தி, விண்மீனின் ஒளி 10 முதல் 15 பிக்சல் அகலத்துக்குப் பரவும்படி வையுங்கள். 16 பிட் கேமராவில் உச்ச எண்ணிக்கை 30,000-க்கும் 40,000-க்கும் இடையில் இருக்கட்டும். கூர்மையாகக் குவித்தால் விண்மீன் ஒரு சில பிக்சல்களிலேயே நின்று, சிறு அசைவுக்கும் எண்கள் தாறுமாறாகும்.

முடிந்ததும் தொலைநோக்கியை மூடிவிட்டு, அதே வெப்பநிலையில், அதே நொடி நீளத்தில் இருட்படங்கள். பிறகு ஆஸ்ட்ரோஇமேஜ்ஜே அல்லது ஹாப்ஸ் மென்பொருளில் சேர்த்து, அதே படத்திலுள்ள மூன்று முதல் ஐந்து ஒப்பீட்டு விண்மீன்களோடு ஒளியை ஒப்பிட வேண்டும். இரண்டும் இலவசம்.

ஒளிவளைவு, அதாவது நேரத்துக்கேற்ப ஒளி மாறுவதைக் காட்டும் வரைபடம், கோணலாக வருகிறது. என்ன காரணம்?

முழுதும் ஒரே பக்கம் சரிந்தால், ஒப்பீட்டு விண்மீன்கள் இலக்கைவிட நீலமாக இருக்கலாம். விண்மீன் தாழத் தாழக் காற்று நீலத்தை அதிகம் விழுங்கும். நிறம் ஒத்தவற்றைத் தேர்ந்தெடுங்கள், அடிவானத்திலிருந்து 30 பாகைக்குக் கீழே போகாதீர்கள்.

நடுவில் படிபோல் குதித்தால் தாங்கி உச்சிக்கோட்டைத் தாண்டும்போது தலைகீழாகத் திரும்பியிருக்கும். விண்மீன் வேறு பிக்சல்களில் விழுகிறது. அந்தத் திருப்பம் கடப்புக்கு வெளியே விழும் இரவைத் தேர்ந்தெடுப்பதே நல்லது.

எல்லா விண்மீன்களும் மெல்ல மெல்ல மங்கினால் முன்கண்ணாடியில் பனி. டர்பன் கடற்கரைப் பக்கம் சூடேற்றும் பட்டை இல்லாமல் இரவு முழுதும் ஓட்டவே முடியாது. கடப்பு நடுவில் வளைவு அறுந்திருந்தால் மின்வெட்டு. தாங்கியும் கேமராவும் 12 வோல்ட் லித்தியம் மின்கலத்தில் ஓடட்டும், சுவர் மின்சாரத்தை நம்ப வேண்டாம்.

இந்த அளவீட்டை யார் பயன்படுத்துகிறார்கள்?

நாசாவின் எக்ஸோபிளானெட் வாட்ச், ஐரோப்பாவின் ஏரியல் விண்கலத்துக்காக நடக்கும் எக்ஸோகிளாக் ஆகிய இரண்டும் பொதுமக்கள் அளவீடுகளை ஏற்கின்றன. கோளின் சுற்றுக்காலத்தில் உள்ள சிறு பிழை ஆயிரம் சுற்றுகளில் பெருகி, கடப்பு நேரம் பல நிமிடம் பிசகிவிடும். பெரிய தொலைநோக்கியில் விலைமதிப்புள்ள நேரம் வாங்கி, கோள் கடந்துபோன பின் பார்த்தால் என்ன பயன்?

வாஸ்ப்-4பி நல்ல உதாரணம். டெஸ் அதைப் பார்த்தபோது கணித்ததைவிட 80 நொடி அளவுக்கு முன்னதாகவே கடந்தது. கோளின் பாதை சுருங்குகிறதா, கண்ணுக்குத் தெரியாத துணை ஒன்று விண்மீனை நம் பக்கம் இழுக்கிறதா என்று விவாதம் நடந்தது. உங்கள் கடிகாரம் ஒரு நிமிடம் தப்பாக இருந்தால் உங்கள் அளவீடு அந்த விவாதத்தைக் குழப்பத்தான் உதவும்.

தொலைநோக்கி இல்லாதவர்கள்?

ஜூனிவர்ஸ் தளத்தில் பிளானெட் ஹன்டர்ஸ் டெஸ் என்ற திட்டம் இருக்கிறது. டெஸ்ஸின் ஒளிவளைவுகளைப் பார்த்துப் பள்ளங்களைக் குறிக்கலாம், உலாவி ஒன்றே போதும். கணினி நிரல்கள் மீண்டும் மீண்டும் வரும் பள்ளங்களைத் தேடுகின்றன. ஒரே ஒரு முறை மட்டும் வரும் நீண்ட பள்ளத்தை மனிதக் கண் எளிதில் பிடிக்கும்.

ஒரு விண்மீனுக்கு என் பிள்ளையின் பெயரை விலைக்கு வாங்கலாமா?

அப்படி விற்பவர்களின் சான்றிதழை வானியலாளர்கள் யாரும் ஏற்பதில்லை. பெயரிடும் அதிகாரம் பன்னாட்டு வானியல் ஒன்றியத்துக்கு மட்டுமே. அது 2019-இல் ஒவ்வொரு நாட்டுக்கும் ஒரு விண்மீனைக் கொடுத்தபோது, தென்னாப்பிரிக்கா வாஸ்ப்-62-க்கு நலேடி என்றும் அதன் கோளுக்குக் குரோட்டோவா என்றும் பெயர் வைத்தது.

கோவிலில் சுற்றும் நவக்கிரகங்களோடு இவற்றுக்குத் தொடர்பு உண்டா?

இல்லை. நவக்கிரக வழிபாடு நம் வானில் தெரிபவற்றையும் ராகு கேதுவையும் பற்றியது. இவை வேறு விண்மீன்களின் கோள்கள். 2025 செப்டம்பருக்குள் நாசாவின் பட்டியலில் 6,000 சேர்ந்துவிட்டன.

என் பிள்ளை இந்தத் துறைக்கு வர என்ன படிக்க வேண்டும்?

மெட்ரிக்கில் கணிதமும் இயற்பியல் அறிவியலும் கட்டாயம். மேத்தமெட்டிக்கல் லிட்டரசி எடுத்தால் இந்த வழி அடைபடும். பத்தாம் வகுப்பில் பாடம் தேர்வு செய்யும்போதே பெற்றோர் இதைக் கவனிக்க வேண்டும். பிறகு குவாசுலு-நட்டால் பல்கலைக்கழகத்திலோ வேறு இடத்திலோ இயற்பியல், பயன்முறைக் கணிதம் போன்றவற்றில் பிஎஸ்சி. அதன்பின் நாஸ்ப் எனப்படும் தேசிய வானியற்பியல் திட்டத்தில் ஆனர்ஸ், முதுகலை. அங்கிருந்து முனைவர் பட்டம்.

பைத்தான் நிரலாக்கத்தைப் பள்ளியிலேயே தொடங்கலாம். இன்றைய கோள் தேடுநர் தொலைநோக்கிக்கு அருகே கழிக்கும் இரவுகள் ஆண்டில் மிகக் குறைவு. மற்ற நாளெல்லாம் நிரல் எழுதுவது, தரவில் கருவியின் பிழையைப் பிரித்தெடுப்பது, தொலைநோக்கி நேரம் கேட்டு விண்ணப்பம் எழுதுவது. எலக்ட்ரானிக்ஸிலும் ஒளியியலிலும் கை தேர்ந்த பிள்ளைக்கும் இடமுண்டு, நிறமாலைமானியைக் கட்டுபவர் இல்லாமல் எந்தக் கோளுக்கும் எடை தெரியாது. தென்னாப்பிரிக்க வானியல் சங்கத்துக்கு டர்பன், ஜோகன்னஸ்பர்க், பிரிட்டோரியா, கேப் டவுன் ஆகிய ஊர்களில் கிளைகள் இருக்கின்றன. பள்ளிப் பிள்ளைகள் இப்போதே அங்கே போய் ஒரு தொலைநோக்கியைக் கையாளலாம்.